எலும்புக்குள் ஒரு ரிசீவர்

மூன்றாமாண்டு, மின்னணுவியல் மற்றும் தொடர்பியல் துறை



எலக்ட்ரானிக்ஸ் படிக்கிறவன் எலும்பைப் பற்றி எழுத வந்துவிட்டானே என்று பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள். மலர்க் குழுவிலும் இதையேதான் கேட்டார்கள். "ஆப்டிகல் ஃபைபர் பத்தி எழுதுடா, இல்லேன்னா ஒரு கவிதை குடு" என்றார்கள். ஆப்டிகல் ஃபைபர் பற்றி ஆண்டுதோறும் யாராவது எழுதிக்கொண்டுதான் இருக்கிறார்கள். நான் எழுதப் போவதும் டிரான்ஸ்மிட்டர், ரிசீவர், ஃபால்ட் ஆகியவற்றைப் பற்றியே. அவை இருக்கும் இடம்தான் வேறு.

சென்ற செமஸ்டர் விடுமுறையில் என் அம்மாவுக்குக் கழுத்திலிருந்த தைராய்டுக் கட்டியை ஆபரேஷன் செய்து எடுத்தார்கள். நல்லபடியாக முடிந்தது. மறுநாள் சாயங்காலம் அம்மா, "உதட்டைச் சுத்தி எறும்பு ஊர்ற மாதிரி இருக்குடா, விரலெல்லாம் மரத்துப் போகுது" என்றார். "படுத்தே கெடக்கிறியே, அதான்மா" என்றேன். இரவில் இரண்டு கைகளும் இழுக்க ஆரம்பித்தன. டூட்டி டாக்டர் வந்து, பி.பி. பார்க்கும் பட்டையைக் கையில் கட்டி, காற்றை ஏற்றி, இறக்காமல் அப்படியே வைத்திருந்தார். இரண்டு நிமிடம்கூட ஆகியிருக்காது. மணிக்கட்டு மடங்கியது. விரல்கள் விறைத்து ஒன்றாகக் குவிந்தன. கட்டைவிரல் உள்ளங்கைக்குள் போய் ஒட்டிக்கொண்டது. அம்மா மடக்கவில்லை, கை தானாக மடங்கியது. அம்மா என் முகத்தைப் பார்த்தார். எனக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை. அதற்கு ட்ரூஸோ அறிகுறி என்று பெயராம். கால்சியம் குளுக்கோனேட் மருந்தை, ஈ.சி.ஜி. திரையைப் பார்த்துக்கொண்டே, நரம்பு வழியாக மெதுவாக ஏற்றினார்கள். கை தளர்ந்தது.

காலையில் ரத்தப் பரிசோதனைச் சீட்டு வந்தது. அப்பா என்னிடம் நீட்டி, "இங்கிலீசுல இருக்கு, நீ பாரு" என்றார். எங்கள் வீட்டில் படிக்கப் போனவன் நான் ஒருவன்தான். ஆகவே ரேஷன் கார்டு விண்ணப்பம் முதல் கரண்ட் ஆபீஸ் கடிதம் வரை எல்லாக் காகிதமும் என் கைக்குத்தான் வரும். சீட்டில் கால்சியம் 6.8 என்று இருந்தது. இருக்க வேண்டியது 8.5 முதல் 10.5 மில்லிகிராம் வரை. "அம்மா பால் குடிக்கிறதே இல்லல்ல, அதான் கால்சியம் கொறஞ்சு போச்சு" என்று சொல்லிவிட்டேன். அப்பா உடனே கீழே போய் ஒரு லிட்டர் பால் வாங்கி வந்தார்.

ரவுண்ட்ஸ் வந்த டாக்டர் பால் பாத்திரத்தையும் என்னையும் பார்த்தார். "குடிக்கட்டும், நல்லதுதான். ஆனா கால்சியம் இல்லாம இல்ல தம்பி. உங்கம்மா ஒடம்புல ஒரு கிலோ பக்கம் கால்சியம் இருக்கு. அதை எடுத்துக் குடுன்னு உத்தரவு போடத்தான் இப்ப ஆள் இல்ல" என்றார்.

அந்த உத்தரவு எங்கிருந்து கிளம்புகிறது, எங்கே போய்ச் சேருகிறது என்று தேடித் தேடிப் படித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நம் உடம்பிலுள்ள கால்சியத்தில் 99 சதவீதம் எலும்பிலும் பல்லிலும் இருக்கிறது. ரத்தத்திலும், செல்களுக்கு வெளியே உள்ள மற்ற திரவங்களிலும் சேர்த்துப் பார்த்தால் ஏறக்குறைய ஒரு கிராம்தான் தேறும். பெட்டியில் ஆயிரம் ரூபாய், சட்டைப்பையில் ஒரு ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். நரம்பும் தசையும் இதயமும் நம்பியிருப்பது அந்தச் சட்டைப்பை ரூபாயைத்தான்.

தசை சுருங்குவதற்குக் கால்சியம் வேண்டும் என்று பள்ளியில் படித்திருக்கிறோம். அப்படியானால் கால்சியம் குறைந்தால் கை தளரத்தானே வேண்டும், ஏன் இழுக்கிறது? எனக்கு இது இரண்டு நாள் புரியவில்லை. நரம்புச் செல்லின் சவ்வில் சோடியம் நுழையும் வாசல்கள் உண்டு. வெளியிலுள்ள கால்சியம் அந்த வாசல்களைச் சுலபத்தில் திறக்க விடாது. கால்சியம் குறைந்தால் திரெஷோல்டு இறங்கிவிடுகிறது. ரெஃபரன்ஸ் வோல்டேஜ் தாழ்ந்துபோன கம்பேரேட்டர், சின்ன நாய்ஸுக்கெல்லாம் அவுட்புட் கொடுத்துக்கொண்டிருக்குமே, அதே கதைதான். மூளை சொல்லாமலே நரம்பு துடிப்புகளை அனுப்பத் தொடங்கிவிடும். கை இழுப்பது அதனால்தான்.

இந்த அளவு இறங்காமல் காப்பவை பாராதைராய்டு சுரப்பிகள். தைராய்டின் முதுகில் ஒட்டிக்கொண்டு, பெரும்பாலோருக்கு நான்கு இருக்கும். ஒவ்வொன்றும் அரிசி மணி அளவு, எடை 30 முதல் 40 மில்லிகிராம். மருத்துவ உலகம் இவற்றை எவ்வளவு காலம் பார்க்காமலே இருந்தது தெரியுமா? லண்டன் மிருகக்காட்சி சாலையில் இறந்துபோன இந்தியக் காண்டாமிருகம் ஒன்றை அறுத்துப் பார்த்த ரிச்சர்ட் ஓவன் 1850-இல் இப்படியொரு சிறு சுரப்பி இருப்பதைச் சொன்னார். மனிதனுக்கும் உண்டு என்று விரிவாக எழுதிப் பெயரும் வைத்தவர் ஸ்வீடன் நாட்டு உப்சாலாவைச் சேர்ந்த ஐவர் சாண்ட்ஸ்ட்ராம். ஆண்டு 1880. வேலையை ஆரம்பித்தபோது அவர் ஒரு மாணவர், நம்மைப் போல! அவருடைய கண்டுபிடிப்பை அப்போது யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

தைராய்டை எடுக்கும்போது இந்த அரிசி மணிகளை எவ்வளவு கவனமாக ஒதுக்கி வைத்தாலும், அவற்றுக்குப் போகும் நூல் போன்ற ரத்தக் குழாய்கள் அடிபட்டுச் சில வாரங்கள் மந்தமாகிவிடலாம். ஆபரேஷன் செய்தவரைக் குறை சொல்ல இதில் ஒன்றுமில்லை. இப்படி நேரலாம் என்று முன்பே சொல்லித்தான் கையெழுத்து வாங்கியிருந்தார்கள். அந்தக் காகிதத்தை அப்பாவுக்குப் படித்துச் சொன்னவனும் நான்தான். "எல்லாருக்கும் இதே ஃபாரம்தான்பா" என்று வேகமாகத் தாண்டிப் போனேன்.

சரி, விஷயத்துக்கு வருவோம். சுரப்பியில் கால்சியத்தை உணரும் சென்சார் இருக்கிறது (1993-இல் கண்டறியப்பட்டது). ரத்தத்தில் கால்சியம் கொஞ்சம் இறங்கினாலே சுரப்பி பாராதைராய்டு ஹார்மோனை வெளியே விடும். சுருக்கமாக பி.டி.எச். என்பார்கள். 84 அமினோ அமிலங்கள் கோத்த ஒரு சங்கிலி. ரத்தத்தில் இதன் ஆயுள் சில நிமிடங்களே. சிக்னல் அனுப்பிக்கொண்டே இருந்தால்தான் நிற்கும். அனுப்புவது நின்றால் சீக்கிரமே லைன் காலி.

இந்த சிக்னலை வாங்கும் ரிசீவர்தான் நம் கதாநாயகன். பி.டி.எச். ரிசெப்டார்-1 என்று பெயர். தமிழில் ஏற்பி. 593 அமினோ அமிலங்கள் கொண்ட புரதம். செல்லின் சவ்வை ஊசி நூல் போல ஏழு முறை உள்ளும் வெளியும் கோத்துக்கொண்டு நிற்கிறது. சிறுநீரகத்திலும், எலும்பைக் கட்டும் செல்களிலும் ஏராளமாக உண்டு. இதன் மரபணுவை முதன்முதலில் பிரித்தெடுத்தவர்கள் அமெரிக்காவின் பாஸ்டன் நகரிலுள்ள மாசசூசெட்ஸ் பொது மருத்துவமனையின் ஆய்வாளர்கள், 1991-இல். ஒப்போசம் என்ற, வயிற்றில் பையுள்ள விலங்கின் சிறுநீரகச் செல்லிலிருந்து எடுத்தார்கள். காண்டாமிருகத்தில் ஆரம்பித்து ஒப்போசத்துக்கு வந்திருக்கிறோம், கவனித்தீர்களா!

ஹார்மோன் இதில் பொருந்தும் விதம் அழகானது. 84-இல் முதல் 34 அமினோ அமிலங்களே வேலைக்குப் போதும். அந்த 34-இன் வால் பகுதி முதலில் ரிசெப்டாரின் வெளிப்பகுதியைப் பிடித்துக்கொள்கிறது. பிறகு தலைப்பகுதி ஏழு தூண்களுக்கு நடுவேயுள்ள குழிக்குள் இறங்குகிறது. அப்போதுதான் ரிசெப்டார் உருமாறி உள்ளே செய்தி போகிறது. தலையிலிருந்து ஆறு அமினோ அமிலங்களை வெட்டிவிட்டு மீதியைக் கொடுத்துப் பார்த்திருக்கிறார்கள். பிடித்துக்கொள்ளும், ஆனால் செய்தி போகாது. பிளக் சாக்கெட்டில் நிற்கிறது, கரண்ட் வரவில்லை!

உள்ளே அடுத்த ஸ்டேஜ் ஜி-புரதம். அது ஒரு நொதியைத் தூண்ட, அந்த நொதி சைக்ளிக் ஏ.எம்.பி. என்ற சிறு மூலக்கூறுகளை மளமளவென்று தயாரிக்கிறது. வாசலுக்கு வந்தது ஒரு ஹார்மோன், உள்ளே ஓடுவது ஏராளமான சைக்ளிக் ஏ.எம்.பி. சுத்தமான ஆம்ப்ளிஃபயர். இந்த மூலக்கூறு வழியாக ஹார்மோன்கள் வேலை செய்வதைக் கண்டறிந்த ஏர்ல் சதர்லாண்டுக்கு 1971-இல் நோபல் பரிசு கிடைத்தது.

சிறுநீரகம் ஒரு நாளைக்கு 10 கிராம் அளவுக்குக் கால்சியத்தை வடிகட்டுகிறது. சிறுநீரில் போவது 100 முதல் 300 மில்லிகிராம்தான், மீதியெல்லாம் திரும்ப வாங்கப்படுகிறது. அதில் கடைசிக் கட்டத்தில் எவ்வளவு வாங்குவது என்பதைத் தீர்மானிப்பது இந்த ரிசெப்டாருக்கு வரும் சிக்னல். அதே சிக்னல், பாஸ்பேட்டைப் பிடித்து வைக்காதே, வெளியே விடு என்றும் சொல்கிறது. அம்மாவின் சீட்டில் பாஸ்பேட் கூடியிருந்ததன் காரணம் அப்போதுதான் விளங்கியது. மூன்றாவது வேலை எனக்கு மிகவும் பிடித்தது. நாம் வெயிலில் பெறும் வைட்டமின் டி அப்படியே பயன்படாது. கல்லீரலில் ஒரு மாற்றம், சிறுநீரகத்தில் ஒரு மாற்றம் என இரண்டு மாற்றம் பெற்று கால்சிட்ரியால் ஆனால்தான் குடல் உணவிலிருந்து கால்சியத்தை நன்றாக உறிஞ்சும். அந்த இரண்டாவது மாற்றத்தை நடத்தச் சொல்வதும் பி.டி.எச்.தான். சிக்னல் இல்லையென்றால் லிட்டர் கணக்கில் பால் குடித்தாலும் வாங்கி வைக்கக் குடலுக்குத் தெம்பில்லை. அம்மாவுக்கு டாக்டர் சாதாரண வைட்டமின் டி எழுதாமல், தயாராக முடிந்த கால்சிட்ரியாலையே எழுதியதன் பொருள் இதுதான். அப்பா வாங்கி வந்த பாலுக்கும் ஒரு நியாயம் கிடைத்தது, அந்த மாத்திரையோடு சேர்ந்து.

எலும்பில் நடப்பது வினோதம். எலும்பைக் கரைத்துக் கால்சியத்தை எடுப்பவை ஒருவகைச் செல்கள், கட்டுபவை வேறு செல்கள். கரைக்கும் செல்லில்தான் ரிசெப்டார் இருக்கும் என்று யாருமே நினைப்போம். அங்கே இல்லை! கட்டுகிற செல்லிலும், கட்டி முடித்து எலும்புக்குள்ளேயே தங்கிவிட்ட செல்லிலும்தான் இருக்கிறது. உத்தரவு போவது கொத்தனாருக்கு. கொத்தனார்தான் இடிக்கிற ஆளுக்கு வேலை சொல்கிறார். கொத்தனார் வழியாகத்தான் இருக்க வேண்டும் என்று 1981-இலேயே ரோடன், மார்ட்டின் என்ற இருவர் எழுதினார்கள். அவர் எப்படிச் சொல்கிறார் என்பது, ராங்க் லிகண்ட் என்ற புரதம் 1990-களின் இறுதியில் பிடிபட்ட பிறகு தெளிவாயிற்று.

இனி ஃபால்ட் ஃபைண்டிங். நம் லேபில் பேசாத ஆம்ப்ளிஃபயர் ஒன்றைக் கொடுத்தால் என்ன செய்வோம்? ஜெனரேட்டரிலிருந்து 1 கிலோஹெர்ட்ஸ் சிக்னலை நாமே இன்புட்டில் ஊட்டுவோம். ஸ்பீக்கர் கத்தினால் ஆம்ப்ளிஃபயர் நல்லது, மைக்தான் போச்சு. கத்தவில்லை என்றால் கோளாறு உள்ளே. பிறகு ஒவ்வொரு ஸ்டேஜாகப் பார்ப்போம்.

இதையே மனிதர்களிடம் செய்து பார்த்தார் ஃபுல்லர் ஆல்பிரைட், 1942-இல், மேலே சொன்ன அதே பாஸ்டன் மருத்துவமனையில். அவரிடம் வந்தவர்களுக்கு என் அம்மாவுக்கு இருந்த அதே அடையாளங்கள்: கால்சியம் குறைவு, பாஸ்பேட் கூடுதல், கை கால் இழுப்பு. கழுத்தில் ஆபரேஷன் எதுவும் நடக்கவில்லை. மாட்டின் சுரப்பியிலிருந்து எடுத்த ஹார்மோன் சாறு அப்போது கிடைத்தது. சுரப்பி வேலை செய்யாதவர்களுக்கு அதை ஊசியாகப் போட்டால் சிறுநீரில் பாஸ்பேட் சரசரவென்று ஏறும். இவர்களுக்குப் போட்டார். ஏறவே இல்லை. மைக் நன்றாக இருக்கிறது, செட்டுதான் கேட்கவில்லை! ஹார்மோன் இருந்தும் உடம்பு அதற்குச் செவிசாய்க்காத நோய் என ஒன்று உண்டு என்று மருத்துவத்தில் முதன்முதலாகச் சொல்லப்பட்டது அப்போதுதான். ரிசெப்டார் எதையும் அதுவரை யாரும் கையில் எடுத்துப் பார்த்ததில்லை என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். சிக்னலை ஊட்டி, அவுட்புட்டைப் பார்த்து, நடுவிலிருப்பதை ஊகித்திருக்கிறார். தம் நோய்க்கு உவமையாக அவர், கோழி போல இறகு முளைக்கும் ஒரு ஜாதிச் சேவலைச் சொன்னார். சேவலைப் பொறுத்தவரை அவர் சொன்ன காரணம் தவறு என்று பின்னால் தெரிந்தது. நோயைப் பற்றிச் சொன்னது சரியாக இருந்தது.

அதற்கடுத்த ஸ்டேஜை 1969-இல் சோதித்தார்கள். ஹார்மோனைக் கொடுத்ததும் சாதாரண மனிதர்களின் சிறுநீரில் சைக்ளிக் ஏ.எம்.பி. பலமடங்கு கூடுகிறது, இந்த நோயாளிகளுக்குக் கூடவில்லை. கோளாறு சைக்ளிக் ஏ.எம்.பி.-க்கு முன்னால் எங்கோ இருக்கிறது. அப்படியானால் ரிசெப்டாரில்தான் என்று நான் முடிவு கட்டிவிட்டேன். படித்துக்கொண்டே போனால், இல்லை! 1990-இல் பலருக்கு ஜி-புரதத்தின் மரபணுவில் பழுது தெரிந்தது. மீதிப் பேருக்காவது ரிசெப்டாரில் பழுது இருக்குமென்று, மரபணு கைக்கு வந்த பிறகு எழுத்தெழுத்தாகத் தேடினார்கள். 1995-இல் வந்த முடிவு, அங்கேயும் பழுதில்லை என்பது. அவர்களுக்கும் கோளாறு அந்த ஜி-புரத மரபணுவை ஆன், ஆஃப் செய்யும் அடையாளங்களில் இருந்தது. ரிசீவர் பாவம், வீணாகச் சந்தேகப்படப்பட்டது.

ரிசெப்டாரே பழுதாகும் நோய்கள் வேறு, மிக அரியவை. 223-ஆவது இடத்தில் ஹிஸ்டிடின் இருக்க வேண்டிய இடத்தில் ஆர்ஜினின் வந்தால், ஹார்மோன் இல்லாமலே ரிசெப்டார் எப்போதும் ஆனிலேயே நிற்கிறது. ஜான்சன் நோய் என்று பெயர், 1995-இல் காரணம் தெரிந்தது. கை கால் குட்டையாகி, ரத்தத்தில் கால்சியம் ஏறிவிடும். ரிசெப்டார் முற்றிலும் செத்துவிட்டால் குழந்தை பிழைப்பதே இல்லை. கருவில் குருத்தெலும்பு வளர்வதை ஒழுங்குபடுத்துவதும் இதே ரிசெப்டார்தான். அங்கே அதை இயக்குவது வேறு சாவி, பி.டி.எச்.ஆர்.பி. என்பது. 1987-இல், புற்றுநோய்க் கட்டி சிலருக்கு ஏன் கால்சியத்தை ஏற்றுகிறது என்று தேடியபோது அகப்பட்டது. பால் கொடுக்கும் தாயின் மார்பகமும் இதைச் சுரந்து, தாயின் எலும்பிலிருந்து கால்சியத்தை எடுத்துப் பாலில் சேர்க்கிறது. குழந்தை பால் மறந்த பிறகு எலும்பு பெரும்பாலும் பழைய நிலைக்கு வந்துவிடும். நான் குடித்ததும் அப்படி வந்த கால்சியம்தானே.

இப்போது ஒரு கேள்வி. பி.டி.எச். எலும்பைக் கரைக்கச் சொல்கிறது என்றோம். அதையே எலும்புத் தேய்மானத்துக்கு மருந்தாகக் கொடுக்கலாமா? வைவாவில் கேட்டால் யாரும் "கூடாது சார்" என்போம். சுரப்பியில் கட்டி வந்து ஹார்மோன் ஓயாமல் வழிந்தால் என்ன ஆகும் என்பதற்குச் சார்லஸ் மார்டெல் என்ற அமெரிக்கக் கப்பல் கேப்டனின் கதை சாட்சி. எலும்பு கரைந்து கரைந்து உயரமே 18 சென்டிமீட்டர் அளவு குறைந்தார். ஏழு ஆபரேஷன் செய்தார்கள். 1932-இல் ஏழாவதில்தான், கழுத்தில் இருக்க வேண்டிய சுரப்பி நெஞ்சுக்குள் இருந்தது கண்டுபிடிக்கப்பட்டது. சில வாரங்களில் அவர் இறந்துவிட்டார்.

அதே 1932-இல் ஹான்ஸ் செல்யே எலிகளுக்கு இந்த ஹார்மோன் சாற்றைச் சிறு சிறு அளவில் கொடுத்துப் பார்த்தார். எலும்பு கரையவில்லை, வளர்ந்தது! ரிசெப்டார் அதே, ஹார்மோன் அதே. வித்தியாசம் சிக்னலின் வடிவத்தில். ஓயாத டி.சி. போலக் கொடுத்தால் கொத்தனார் இடிக்கிற ஆளைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார். ஒரு பல்ஸ் கொடுத்து உடனே நிறுத்திவிட்டால், இடிக்கிற ஆள் திரள்வதற்குள் கொத்தனார் தன் வேலையை முடித்துக்கொள்கிறார். டியூட்டி சைக்கிள் என்று நாம் மோட்டார் வேகத்துக்குப் படித்தது எலும்புக்கும் பொருந்துகிறதே என்று நான் புத்தகத்தை மூடிவிட்டுச் சிறிது நேரம் உட்கார்ந்திருந்தேன்.

இது மருந்தாக எழுபது ஆண்டுகள் பிடித்தன. முதல் 34 அமினோ அமிலங்களை மட்டும் செய்து, டெரிபாரடைட் என்று பெயரிட்டு, தினமும் 20 மைக்ரோகிராம் ஒரே ஊசி. சில மணி நேரத்தில் ரத்தத்திலிருந்து மறைந்துவிடும். முதுகெலும்பு ஏற்கனவே முறிந்த, மாதவிலக்கு நின்ற 1637 பெண்களிடம் நடந்த சோதனையின் முடிவு 2001-இல் வந்தது. புதிதாக முதுகெலும்பு முறிந்தவர்கள், வெறும் ஊசி போட்டவர்களில் 14 சதவீதம், இந்த ஊசி போட்டவர்களில் 5 சதவீதம். 2002-இல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. இந்தியாவிலும் இப்போது கிடைக்கிறது, விலைதான் நம் போன்றவர்கள் யோசிக்க வேண்டியது. எலிகளுக்கு எலும்புப் புற்று வந்ததால் நெடுநாள் ஒரு கடும் எச்சரிக்கை பெட்டியில் அச்சிடப்பட்டிருந்தது. மனிதர்களிடம் அது கூடியதாகத் தெரியாததால் 2020-இல் எடுத்துவிட்டார்கள்.

அம்மாவின் விஷயத்துக்கு வருகிறேன். ஆபரேஷனுக்கு மறுநாள் பி.டி.எச். அளவு 2. சாதாரணமாக 15-க்கு மேல் இருக்க வேண்டும். ரிசெப்டார் எல்லாம் நன்றாகவே இருக்கிறது, சிக்னல்தான் வரவில்லை. ஐந்தாவது வாரம் மீண்டும் ரத்தம் எடுத்தார்கள். சீட்டைக் கையில் வாங்கி இந்த முறை ஒவ்வொரு வரியாகப் படித்தேன், பின்பக்கத்தையும் சேர்த்து. கால்சியம் 8.4, மாத்திரையின் உதவியோடு. பி.டி.எச். 9. பலருக்குச் சில வாரங்களில் தானாகச் சரியாகிவிடும், ஆறு மாதம் தாண்டியும் வராவிட்டால்தான் நிரந்தரம் என்று யோசிக்க வேண்டும் என்றார் டாக்டர். நிரந்தரமானால் ஆயுளுக்கும் மாத்திரைதான். நாள் முழுவதும் மெதுவாகக் கசியும்படி செய்த பி.டி.எச். ஊசி ஒன்றுக்கு 2024-இல் அமெரிக்காவில் அனுமதி கொடுத்திருக்கிறார்கள்.

"என்னப்பா போட்டிருக்கு?" என்று அப்பா கேட்டார். "ரெண்டுலேர்ந்து ஒம்பதுக்கு வந்திருக்குப்பா. பதினஞ்சு வரணும்" என்றேன். பால் வாங்கட்டுமா என்று கேட்டார். வாங்குங்கள் என்றேன்.

அடுத்த பரிசோதனை செமஸ்டர் கடைசித் தேர்வுக்கு மறுநாள்.